தோல் என்றால் உரிக்க முடிய வேண்டுமே

மெய்ப்புத் தாளின் நாற்பத்தோராம் பக்கத்தில் ‘தோல் செல்கள்’ என்ற இரண்டு சொற்களைச் சுற்றிப் பென்சிலால் ஒரு வட்டம் இருந்தது. ஓரத்தில் ஒரு கேள்விக்குறி, வேறு எதுவும் இல்லை. முதுகெலும்பற்ற விலங்குகளைப் பற்றிக் கல்லூரி மாணவர்களுக்காக நான் மொழிபெயர்த்துக் கொண்டிருந்த நூல் அது. மெய்ப்புத் திருத்தியவர் ஓய்வு பெற்ற தமிழாசிரியர், எழுபது வயதைக் கடந்தவர். அதுவரை ஒற்றுப் பிழைகளையும் இரண்டு மூன்று இடங்களில் ஒருமை பன்மை மயக்கத்தையும் மட்டுமே திருத்தியிருந்தார். விலங்கியலுக்குள் அவர் கை நீட்டியதில்லை. அதனால் அந்த வட்டம் என்னைக் கொஞ்சம் உறுத்தியது. அன்று மாலையே தொலைபேசியில் அழைத்துக் கேட்டேன். “தோல் என்றால் உரிக்க முடிய வேண்டுமே அம்மா” என்றார். “மாட்டுத் தோல், வாழைப்பழத் தோல், வெங்காயத் தோல், எல்லாமே உரிகிறவைதானே? இந்தக் கடற்பஞ்சின் தோலை உரிக்க முடியுமா?” பார்த்துச் சொல்கிறேன் ஐயா என்று வைத்துவிட்டேன். அரை மணி நேர வேலை என்றுதான் நினைத்தேன். அந்த ஒரு சொல்லோடு இரண்டு மாதம் இருந்தேன்.

பினாகோசைட் என்ற சொல்லை நான் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் கரும்பலகையில் எழுதியிருக்கிறேன். துளையுடலிகள், அதாவது கடற்பஞ்சு வகை விலங்குகள், பாடம் வந்தாலே ஒரு குடுவை வரைவேன். உள்பக்கம் சாட்டை அடிக்கும் கழுத்துப்பட்டை செல்கள், நடுவில் கூழ் போன்ற மீசோஹைல், வெளியே தட்டையாக ஒரு வரிசை. அந்த வெளி வரிசைக்கு அம்புக்குறி போட்டு ‘பினாகோசைட், மூடு செல்’ என்று எழுதிவிட்டு, உடனே உள்ளே இருக்கும் சாட்டைகளைப் பற்றிப் பேசத் தொடங்கிவிடுவேன். தேர்வில் கேள்வி வருவது அவற்றைப் பற்றித்தான். நீரை இழுப்பதும் உணவைப் பிடிப்பதும் கழுத்துப்பட்டை செல்கள். வெளியே இருப்பது உறை. உறையைப் பற்றி என்ன பேசுவது? மொழிபெயர்க்கும்போதும் அதே பழக்கத்தில், மாணவர்களுக்கு எளிதாக இருக்கட்டும் என்று ‘தோல் செல்கள்’ என்று போட்டுவிட்டேன்.

அந்தச் செல்களை நின்று பார்க்கலாம். தரையில் தண்ணீர் பரவுவது போலப் பரந்தவை, விளிம்புகளில் ஒரு மைக்ரான் அளவுக்கு மெலிந்தவை. நடுவில் கரு இருக்கும் இடம் மட்டும் சற்றே புடைத்திருக்கும். பல பஞ்சுகளில் செல்லின் உடல் உள்ளே தொங்கிக்கொண்டிருக்கும், மேல்பகுதி மட்டும் விரிந்திருக்கும், பக்கவாட்டில் பார்த்தால் காளான் போல. இவற்றிலும் மூன்று வகை உண்டு. வெளிப்பரப்பில் இருப்பவை ஒன்று, உள்ளே ஓடும் நீர்க்கால்வாய்களின் சுவரில் இருப்பவை மற்றொன்று. பஞ்சு எந்தப் பாறையில் அல்லது குச்சியில் உட்கார்ந்திருக்கிறதோ அதைத் தொட்டுக்கொண்டிருப்பவை மூன்றாவது. இந்த மூன்றாவது வகை தன்னடியில் பசை போல ஒரு புரதத்தைச் சுரந்து உடல் முழுவதையும் ஒட்ட வைக்கிறது. கால்வாய்ச் சுவர்களில் இருப்பவற்றையும் இரண்டாகப் பிரிப்பார்கள், நீர் உள்ளே வரும் வழியில் உள்ளவை, நீர் வெளியேறும் வழியில் உள்ளவை என்று. ஆக நான் ‘தோல்’ என்று எழுதியதில் பெரும்பகுதி உடலுக்கு வெளியே இல்லவே இல்லை. உள்ளே, கால்வாய்தோறும் விரிந்து கிடக்கிறது.

உரித்தவர்கள்

மெய்ப்புத் திருத்தியவரின் கேள்விக்கு நேரடியான பதில் ஒன்றும் கிடைத்தது, அது எனக்குச் சாதகமாகவே இருந்தது. கிரேக்கத்தின் கலிம்னோஸ் தீவு பஞ்சுக் குளியாளிகளின் ஊர். கடலிலிருந்து எடுத்த குளியல் பஞ்சு நாம் கடையில் பார்க்கும் மஞ்சள் பொருளைப் போலவே இருக்காது. கறுத்து, வழுவழுவென்று, ஒரு படலம் போர்த்தியிருக்கும். அதைப் படகுத் தளத்தில் போட்டுக் காலால் மிதிப்பார்கள். கறுப்புப் படலம் கழன்று வரும், உள்ளிருந்து வெண்மையாக ஒரு சாறு பிதுங்கும். அவர்கள் அதைப் பால் என்றே சொல்வார்கள். மிதித்து, கடல்நீரில் அலசி, மறுபடி மிதித்தால் கடைசியில் மிஞ்சுவது ஸ்பாஞ்சின் என்ற நார்க்கூடு. நம் குளியலறையில் இருக்கும் உண்மையான கடற்பஞ்சு அந்தக் கூடுதான். அதில் ஒரு பினாகோசைட்கூட இல்லை. நான் பெயர் தேடிக்கொண்டிருக்கும் செல் முழுவதும் படகிலேயே மிதிபட்டுப் போய்விட்டது.

ஆக, உரிக்க முடிகிறது. மகிழ்ச்சியோடு அவரை அழைக்கப் போனேன். ஆனால் உரிவது எது என்று ஒரு முறை பார்த்துவிடலாம் என்று தோன்றியது. பஞ்சுகளை இனம் பிரிப்பவர்கள் வெளிப்பகுதி தனியாகக் கழன்று வருகிறதா இல்லையா என்பதை ஓர் அடையாளமாகவே குறிப்பார்கள். அந்த வெளிப்பகுதிக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் எக்டோசோம். கழுத்துப்பட்டை செல்களின் அறைகள் இல்லாத புறப்பகுதி முழுவதும் அதில் அடங்கும்: மேலே ஒரு பினாகோசைட் அடுக்கு, கீழே கொஞ்சம் கூழ், சில பஞ்சுகளில் முட்களின் வலை, அதற்கும் கீழே இன்னொரு பினாகோசைட் அடுக்கு. கலிம்னோஸ்காரர்கள் உரித்தது இதைத்தான். பினாகோசைட் அடுக்கு ஒரு செல் தடிமன் மட்டுமே உள்ளது. 1997இல் ஸ்மித்சோனியன் நிறுவனம் வெளியிட்ட பஞ்சு உருவவியல் சொற்களின் தொகுப்பு, நிக்கோல் பூரி எஸ்னோவும் கிளாவுஸ் ருட்ஸ்லரும் பதிப்பித்தது, இந்தச் செல்லை வரையறுக்கும்போது சொல்வதும் இதுதான்: பஞ்சை வெளிச்சூழலிலிருந்து பிரிப்பது, எப்போதும் ஒரே செல் தடிமனுள்ள அடுக்காக இருப்பது. தோல் என்ற சொல் யாருக்காவது பொருந்தும் என்றால் அது எக்டோசோமுக்கு. நான் அதை எடுத்து ஒரு செல்லின் தலையில் வைத்திருந்தேன்.

இந்தக் குழப்பம் நான் மட்டும் செய்தது அன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டில் பெரிய அறிஞர்களே இந்த இடத்தில் வழுக்கியிருக்கிறார்கள். சுண்ணப் பஞ்சுகளைப் பற்றி 1872இல் விரிவாக எழுதிய எர்ன்ஸ்ட் ஹெக்கல், பஞ்சின் வெளி அடுக்கையும் உள் அடுக்கையும் மற்ற விலங்குகளின் கருவில் தோன்றும் வெளி, உள் முளைய அடுக்குகளுக்கு இணையாக வைத்தார். பார்வைக்கு எவ்வளவு பொருத்தம்! நம் தோல் வெளி முளைய அடுக்கிலிருந்து வருகிறது, பஞ்சின் வெளிப்பரப்பும் அப்படியே. ஆனால் பஞ்சின் லார்வா நீந்தும்போது சாட்டையுள்ள செல்கள் வெளியே இருக்கின்றன. அது ஓர் இடத்தில் ஒட்டிக்கொண்டு உருமாறும்போது அந்த வெளிச் செல்கள் உள்ளே போய்க் கழுத்துப்பட்டை செல்களாகின்றன என்று பிரான்சின் யீவ் டெலாஷ் 1892இல் விவரித்தார். வெளியே இருந்தது உள்ளே, உள்ளே இருந்தது வெளியே. சட்டையைத் திருப்பிப் போட்ட மாதிரி. 2014இல் ஆஸ்திரேலியப் பவளத்திட்டின் ஆம்ஃபிமெடான் என்ற பஞ்சில் செல்களைத் தனித்தனியாகப் பின்தொடர்ந்து பார்த்தபோது கதை இன்னும் தளர்ந்தது. லார்வாவின் வெளிச் செல்கள் தம் அடையாளத்தையே இழந்து, பிறகு எந்த அடுக்கின் செல்லாகவும் மாறக்கூடியவையாக இருந்தன. நமக்குப் பழக்கமான பொருளில் முளைய அடுக்கு என்று ஒன்று இங்கே நிலைக்கவில்லை. வெளியில் இருக்கிறது என்பதற்காக ஒன்றைத் தோல் என்று அழைத்தால், நம் தோலோடு அதற்கு ஓர் உறவையும் சேர்த்து எழுதிவிடுகிறோம். அந்த உறவுக்கு என்னிடம் ஆதாரம் இல்லை.

பலகையும் கலமும்

சரி, வேறு என்ன சொல்வது? பினாகோசைட் என்றே ஒலிபெயர்த்து விட்டுவிடலாம். பாடநூல்களில் இருப்பதும் அதுதான். எனக்கு ஒலிபெயர்ப்பின் மீது பகை கிடையாது. ஆக்சிஜனை ஆக்சிஜன் என்றே எழுதுகிறவள் நான். ஆனால் பெரியவர் கேட்ட கேள்விக்குப் பிறகு அப்படி விடுவது ஒளிந்துகொள்வது போல இருந்தது. பொருள் தெரியாத சொல்லை யாரும் வட்டமிடமாட்டார்கள். தெரிந்த சொல்லைத்தான் வட்டமிடுவார்கள், அதனால்தான் எனக்கு என் தவறு தெரிந்தது.

மூலச்சொல்லைத் தேடினேன். கிரேக்கத்தில் பினாக்ஸ் என்றால் பலகை. எழுதும் பலகை, ஓவியம் தீட்டும் பலகை, உணவு வைக்கும் தட்டு, எல்லாவற்றுக்கும் அந்தச் சொல் உண்டு. இன்றைய கிரேக்கத்தில் அதன் வழிவந்த பினாகஸ் என்ற சொல் கரும்பலகையையும் குறிக்கும். இருபது ஆண்டுகள் கரும்பலகையில் எழுதிய சொல்லுக்குள் பலகையே இருந்திருக்கிறது. சைட் என்ற பின்னொட்டு கிடோஸ் என்பதிலிருந்து வருகிறது, உள்ளே வெறுமையான பாத்திரம். இதைப் படித்தபோது நிமிர்ந்து உட்கார்ந்தேன். இலங்கைத் தமிழ்ப் பாடநூல்கள் செல்லைக் கலம் என்றுதான் எழுதுகின்றன. தமிழ்நாட்டில் படித்த நான் அதைப் பல ஆண்டுகள் ஒரு வட்டாரப் பழக்கம் என்று மட்டும் எண்ணியிருந்தேன். கிடோஸ் என்ற கிரேக்கச் சொல்லுக்கு அதைவிட நெருக்கமான தமிழ் இருக்க முடியாது. உடலின் பரப்புகளை மூடும் எபிதீலியத்தை மேலணி என்றும் திசுவை இழையம் என்றும் வைத்தவர்களும் அவர்களே. அந்தச் சொல்லாக்கத்தை நாம் எட்டிப் பார்க்காமல் இருப்பது நமக்குத்தான் இழப்பு.

ஆனால் பலகைக்கலம் என்று எழுதிப் பார்த்தால் எனக்குத் தோணிதான் கண்ணில் வந்தது. கடற்பஞ்சைப் பற்றிய அத்தியாயத்தில் பலகைக்கலம் என்று வந்தால் மாணவர்களும் மரக்கலத்தையே நினைப்பார்கள். தட்டுச் செல் என்றால் இரத்தத் தட்டுகளோடு குழம்பும். செதில் என்றால் மீன். ஓடு என்றால் நத்தை. பெரியவரையே கேட்டேன். தட்டையாக, ஒன்றோடொன்று விளிம்பு சேர்ந்து, ஒரே அடுக்காகப் பரப்பியிருப்பதற்கு என்ன சொல்லலாம் என்றேன். “தளத்துக்குக் கல் பாவுவார்கள் இல்லையா அம்மா? பாவுகல் என்போமே” என்றார். பாவுசெல். ஈழத்து வழியில் சொன்னால் பாவுகலம். நெசவில் பாவு என்றால் நீளவாட்டு நூல், அது இடைஞ்சல் செய்யுமோ என்று யோசித்தேன். கல் பாவிய முற்றத்தில் நடந்தவர்களுக்கு இடைஞ்சல் இருக்காது என்று முடிவு செய்தேன். புறப் பாவுசெல், அகப் பாவுசெல், அடிப் பாவுசெல் என்று மூன்று வகைகளும் இயல்பாக அமைந்தன. வடிவத்தை மட்டும் சொல்கிறது, உறவு எதையும் கோரவில்லை. கிரேக்கச் சொல்லை வைத்தவர்களும் அந்த அளவோடுதான் நின்றார்கள். நாற்பத்தோராம் பக்கத்தைத் திருத்தி அனுப்பிவிட்டேன்.

பாவுகல் அசைந்தது

அதோடு முடிந்திருக்கும். திருத்திய பக்கம் போன பிறகு ஒரு நாள், பஞ்சுகளின் அசைவைப் பற்றிய பத்திக்காக ஒரு காணொளியைத் தேடினேன். டெத்தியா வில்ஹெல்மா என்ற சிறிய பஞ்சு, ஒரு சென்டிமீட்டர் அளவுள்ள வெள்ளை உருண்டை. ஜெர்மனியின் ஸ்டுட்கார்ட்டில் உள்ள வில்ஹெல்மா உயிரியல் பூங்காவின் மீன்தொட்டியில் கண்டெடுக்கப்பட்டு, அந்தப் பூங்காவின் பெயரையே பெற்றது. மணிக்கணக்கில் எடுத்த படங்களைச் சில நொடிகளாகச் சுருக்கிய காணொளி அது. உருண்டை சுருங்கியது. பிறகு மெல்ல விரிந்தது. மறுபடி சுருங்கியது. கொஞ்சம் நடுங்குவது அன்று, உடலின் பருமன் பாதிக்கும் கீழே போய்விடும் அளவுக்குச் சுருங்கியது. தசை இல்லாத, நரம்பு இல்லாத விலங்கு. பஞ்சுகள் அசையாதவை என்று நான் வகுப்பில் சொன்னதுண்டு. மூன்று முறை, நான்கு முறை, திரும்பத் திரும்பப் பார்த்தேன்.

எது சுருக்குகிறது? கூழ்ப் பகுதியில் இருக்கும், நூல் நூற்கும் கதிர் வடிவ நீள்செல்கள்தான் காரணம் என்று நெடுங்காலம் கருதப்பட்டது. ஜெர்மனியில் மிக்கேல் நிக்கலும் அவருடைய குழுவினரும் சுருங்கிய நிலையிலும் விரிந்த நிலையிலும் இந்தப் பஞ்சை எக்ஸ் கதிர் நுண்படங்களாக அடுக்கடுக்காக எடுத்து, புறப்பரப்பும் உள்கால்வாய்ச் சுவர்களும் எவ்வளவு மாறுகின்றன என்று அளந்தார்கள். 2011இல் வெளியான அவர்களின் முடிவு: சுருங்குவது பினாகோசைட் அடுக்குதான். புறமும் அகமும் சேர்ந்து. நான் உறை என்று ஒதுக்கியது, அம்புக்குறி போட்டுவிட்டுத் தாண்டிப் போனது, அதுதான் மொத்த உடலையும் பிடித்து இறுக்கிக்கொண்டிருந்தது.

அரிஸ்டாட்டில் இதைப் பற்றி எழுதியிருக்கிறார். பாறையிலிருந்து பிடுங்க யாரோ வருகிறார்கள் என்று உணர்ந்தால் பஞ்சு தன்னைச் சுருக்கிக்கொள்கிறது, அலையும் காற்றும் மிகும்போதும் அப்படியே என்று சொல்லிவிட்டு, டொரோனே ஊர்க்காரர்கள் இதை ஒப்புக்கொள்வதில்லை என்றும் சேர்த்திருக்கிறார். எனக்கு அந்த டொரோனேக்காரர்களை மிகவும் பிடித்துப் போனது. கடற்கரையில் வாழ்ந்து, கையால் பஞ்சைத் தொட்டவர்கள், இல்லை என்றார்கள். அவர்கள் சொன்னதையும் விடாமல் எழுதி வைத்தார் ஒருவர். கேள்வி எழுந்து இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஆன பிறகு, பலகை என்று பெயரிட்ட ஒரு செல்லில் விடை இருந்தது.

அதன்பின் தேடத் தேட, வந்துகொண்டே இருந்தது. எஃபிடாட்டியா என்ற நன்னீர்ப் பஞ்சின் மேற்பரப்பு பந்தல் போன்றது. முட்கள் பந்தக்கால்களாக நின்று தாங்க, புறப் பாவுசெல்களும் அகப் பாவுசெல்களும் இடையில் மெல்லிய கூழை வைத்துத் துணி போல விரிந்திருக்கும், கீழே நீர் நிறைந்த வெற்றிடம். தூசி அடைத்துக்கொண்டால் இந்தப் பஞ்சு உடலை முழுவதும் உப்பவைத்து, பிறகு இறுக்கி, நீரை ஆஸ்குலம் என்ற வெளியேறு துளை வழியாகத் தள்ளிவிடுகிறது. கனடாவில் சாலி லேஸும் அவருடன் பணியாற்றியவர்களும் 2007இல் இதை விரிவாகப் பதிவு செய்தார்கள், தும்மல் என்றே இன்று பலரும் சொல்கிறார்கள். 2014இல் அதே குழுவினர், ஆஸ்குலத்தின் உட்சுவரில் உள்ள செல்களில் சின்னஞ்சிறு இழைகள் இருப்பதையும், அவற்றை நீக்கினால் தும்மல் நின்றுவிடுவதையும் காட்டினார்கள். நீரோட்டத்தை உணர்வதும் இந்த அடுக்குதான், சுருங்குவதும் இந்த அடுக்குதான். 2010இல் அவர்கள் செய்த இன்னொரு சோதனை என் மனத்தைவிட்டுப் போகவில்லை. ஸ்பாஞ்சில்லா என்ற நன்னீர்ப் பஞ்சை நுண்துளைச் சவ்வின் மேல் ஒரு படலமாக வளர்த்து, அதற்கு இருபுறமும் மின்தடையை அளந்தார்கள். செல்களுக்கு இடையே கசிவு இருந்தால் மின்தடை குறைந்துவிடும். நம் உடலின் மேலணிகளைப் போல உயர்ந்த தடையையே காட்டியது. அதாவது, இந்த அடுக்கு அடைத்து நிற்கிறது. உள்ளே என்ன வரலாம், என்ன வரக்கூடாது என்று அது தீர்மானிக்கிறது. பெரும்பாலான பஞ்சுகளில் இதற்கு அடியில் மேலணிக்குரிய அடித்தளச் சவ்வு தென்படுவதில்லை என்பதால் மேலணி என்ற பெயரை நெடுநாள் மறுத்து வந்தார்கள். ஹோமோஸ்கிளிரோமார்ஃபா என்ற ஒரு பிரிவில் மட்டும் அந்தச் சவ்வு இருக்கிறது, அதற்குரிய நான்காம் வகைக் கொலாஜன் புரதமும் அங்கே 1996இல் கண்டறியப்பட்டது.

இப்போது எனக்கு வேறு தொல்லை. தோல் என்று எழுதியது அதிகப்படி என்று நினைத்துத்தான் பாவுசெல் என்று குறைத்தேன். ஆனால் உணர்கிறது, சுருங்குகிறது, அடைக்கிறது, துகள்களை விழுங்கவும் செய்கிறது என்றால், தோல் என்ற சொல்லே அதற்குப் போதவில்லையே. முற்றத்தில் பாவிய கல் ஒரு நாளும் தும்மாது. மறுபடி பெரியவரை அழைத்தேன். எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டார். பெயரைத் திரும்ப மாற்ற வேண்டுமா என்று கேட்டேன். “பெயரை விடுங்கள் அம்மா. என்ன செய்கிறது என்பதற்கு ஒரு பத்தி கூடுதலாக எழுதுங்கள். பக்கம் நிறைந்தாலும் பரவாயில்லை, நான் பார்த்துக்கொள்கிறேன்” என்றார். ஒரு பத்தி என்றார். நான் இரண்டு பக்கம் எழுதினேன். கழுத்துப்பட்டை செல்களைப் பற்றிய பகுதியில் கொஞ்சம் வெட்டி இடம் உண்டாக்கினேன், அதில் எனக்கு வருத்தம் இல்லை. அசையாதவை என்ற சொல்லை மூன்று இடங்களில் எடுத்தேன்.

அந்த இரண்டு பக்கங்களின் இறுதியில் கண்ணாடிப் பஞ்சுகளுக்கும் ஒரு பத்தி ஒதுக்கினேன். ஆழ்கடலில் சிலிக்கா முட்களால் கூண்டு கட்டி வாழ்பவை. அவற்றில் பினாகோசைட்டே கிடையாது. வெளிப்பரப்பு தனித்தனிச் செல்களாகப் பிரியாமல், பல கருக்களைக் கொண்ட ஒரே தொடர்ச்சியான வலையாக இருக்கிறது. அந்த வலையில் மின்துடிப்பு ஓடுகிறது என்று 1997இல் பதிவு செய்தார்கள், விநாடிக்கு மூன்று மில்லிமீட்டருக்கும் குறைவான வேகத்தில். துடிப்பு போய்ச் சேர்ந்ததும் பஞ்சு முழுவதும் நீர் இறைப்பதை நிறுத்துகிறது. பாவுவதற்குத் தனித்தனிக் கற்கள் இல்லாத தளம் அது. இதை எழுதி முடித்தபோது விடிந்திருந்தது. அப்படியே அனுப்பிவிட்டேன்.

நான்கு நாள் கழித்து மெய்ப்பு திரும்பி வந்தது. ஒற்றுப் பிழைகள் ஐந்தாறு. கடைசிப் பத்தியில் ‘மின்துடிப்பு கண்ணாடிப் பஞ்சின் பாவுசெல்கள் வழியே பரவுகிறது’ என்று நான் எழுதியிருந்த வரியில் ‘பாவுசெல்கள்’ என்ற சொல்லைச் சுற்றிப் பென்சில் வட்டம். இந்த முறை ஓரத்தில் கேள்விக்குறியோடு ஒரு வரியும் இருந்தது: “இதற்கு அது இல்லை என்று இரண்டு வரி மேலே எழுதியிருக்கிறீர்களே அம்மா.”